கன்பூசியஸை முழுதாகச் சொல்லிக்கொடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சீனாவில் பழங்காலச் சிந்தனையாளர் கன்பூசியஸுக்கு மறுபடியும் மவுசு வந்திருப்பது பற்றி நம் நாளிதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். 1966இல், மாவோவின் பண்பாட்டுப் புரட்சியின்போது, செங்காவலர்கள் என்ற இளைஞர் படையினர் அவர் பிறந்த சூஃபூ நகரில் அவருடைய குடும்பக் கல்லறைகளைத் தோண்டிப்போட்டதும், 2013இல் சீன அதிபர் ஷி ஜின்பிங்கே அந்த ஊருக்குப் போய் அவரைப் பாராட்டிப் பேசியதும் அதில் இருந்தன. ஆனால் கன்பூசியஸைத் திரும்பக் கொண்டுவரும் வேலையை நாம் சிங்கப்பூரில் முன்பே ஒரு முறை செய்துபார்த்தோம் என்பது கட்டுரையில் இல்லை.

1980களில் நான் உயர்நிலைப் பள்ளி ஆசிரியை. 1982இல் கல்வி அமைச்சராக இருந்த கோ கெங் சுவீ, சமய அறிவைக் கட்டாயப் பாடமாக்கப்போவதாக அறிவித்தார். அந்த வரிசையில் கன்பூசிய நன்னெறியும் சேர்ந்தது. டூ வெய்மிங், யூ யிங்ஷி போன்ற பேரறிஞர்களை அமெரிக்காவிலிருந்து வரவழைத்து ஆலோசனை கேட்டார்கள். கடைசியில் மாணவர்கள் கூட்டம் பௌத்தப் பாடத்துக்குத்தான் போனது. 1989இல் சமயப் பாடங்களைக் கைவிட முடிவெடுத்தார்கள்.

எங்கள் பள்ளியில் கன்பூசிய நன்னெறியைக் கற்பித்த சீன ஆசிரியை எனக்கு நெருங்கிய தோழி. "அப்பா சொல்வது தப்பு என்றால் என்ன செய்வது டீச்சர்?" என்று ஒரு மாணவன் கேட்டானாம். தந்தை சொல்வதற்கெல்லாம் கீழ்ப்படிவதுதான் பிள்ளையின் கடமையா என்று சீடர் செங்ஸி கேட்டபோது, கன்பூசியஸ் "இது என்ன பேச்சு!" என்று கண்டித்த கதையை என் தோழி அவனுக்குச் சொல்லியிருக்கிறார். எடுத்துச் சொல்லும் பிள்ளை இருந்தால்தான் தகப்பன் அநியாயத்தில் விழமாட்டான், எடுத்துச் சொல்லும் அமைச்சர் இருந்தால்தான் மன்னன் நாட்டை இழக்கமாட்டான் என்பது அந்தப் பதில். அப்படி எடுத்துச் சொல்ல ஆள் இல்லாதவனைத்தானே வள்ளுவரும் 'இடிப்பாரை இல்லாத ஏமரா மன்னன்' என்றார்?

அரசுகள் கன்பூசியஸைக் கொண்டாடும்போது இந்தப் பக்கம் காணாமல் போய்விடுகிறது. இன்று நேற்றல்ல. மக்களே முதன்மை, அரசன் கடைசி என்று எழுதிய, கன்பூசியஸ் வழிவந்த அறிஞர் மென்சியஸின் நூலைப் படித்த மிங் வம்சத்தின் முதல் பேரரசர், அதில் 85 பகுதிகளை வெட்டி 1394இல் ஒரு பதிப்பே போட வைத்தார்.

பிள்ளைகள் பெற்றோரை அடிக்கடி போய்ப் பார்க்கவேண்டும் என்று சீனா 2013இல் கொண்டுவந்த சட்டத்தைக் கட்டுரையாளர் புகழ்ந்திருந்தார். நம் நாட்டிலும் 1995இல் பெற்றோர் பராமரிப்புச் சட்டம் வந்தது. நான் அதை ஆதரிக்கிறேன், கைவிடப்பட்ட முதியவர்களை நேரில் பார்த்தவள் என்பதால். ஆனால் ஊரைவிட்டுப் போய் எங்கோ ஒரு தொழிற்சாலையில் வேலை செய்யும் பெண், சீனப் புத்தாண்டுக்கு மட்டும்தான் வீட்டுக்கு வர முடிகிறது என்றால் தவறு அவளுடையதா? வேலைக்கு வைத்திருப்பவர்கள் விடுப்பு தரவேண்டும் என்றும் அதே சட்டத்தில் இருக்கிறது. கட்டுரையில் அதற்கு ஒரு வரி கூட இல்லை. பெற்றோரைக் காப்பாற்றவும் மனைவி மக்களுக்குச் சோறு போடவும் போதுமான பிழைப்பை அரசன் முதலில் ஏற்படுத்தித் தரவேண்டும் என்கிறார் மென்சியஸ். அதைத் தராமல், பிறகு தவறு செய்தார்கள் என்று தண்டிப்பது மக்களுக்கு வலை விரிப்பது என்கிறார். இவ்வளவு கடுமையாக அரசுகளைக் கேள்வி கேட்டவரின் மரபை, சொன்னபடி கேட்கும் பிள்ளைகளை வளர்க்கும் பாடமாகச் சுருக்குவது எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது.

சிறுவர்கள் பழைய நூல்களை மனப்பாடம் செய்யும் வகுப்புகளைப் பற்றியும் எழுதியிருந்தீர்கள். மனப்பாடம் நல்லதுதான், நாமும் அப்படித்தான் ஆத்திசூடி படித்தோம். அப்புறம் அந்தப் பிள்ளைகள் கேள்வி கேட்க இடம் இருக்கிறதா என்பதையும் விசாரித்து எழுதுங்கள். மென்சியஸின் அந்தப் பகுதிகளில் சிலவற்றையாவது நல்ல தமிழில் மாணவர் பக்கத்தில் வெளியிட்டால், உயர்நிலை 3 படிக்கும் என் பேத்தியோடு உட்கார்ந்து படிப்பேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியை,
தோ பாயோ