இந்தச் செக்கிங்கிற்காவது வந்துவிட்டுப் போ

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது.

போனில் கதைத்தால் வேலை இருக்கிறது என்று வைத்துவிடுகிறாய். அதனால்தான் எழுதுகிறேன். முகாமில் அதிகாரிகள் ஆள் எண்ணிப் பார்க்கும் செக்கிங்கிற்கு, சென்ற இரண்டு முறையும் நீ வரவில்லை. மூன்றாம் முறையும் ஆள் இல்லையென்றால் பதிவிலிருந்து பெயரை எடுத்துவிடுவதாக அதிகாரி சொல்லிப் போயிருக்கிறார். உன் பெயருக்கு அரசு மாதாமாதம் தரும் 1,000 ரூபாய்க்காக நான் சொல்லவில்லை. பெயர் போனால் திரும்பச் சேர்ப்பதற்குச் சின்னமாமா பட்ட பாட்டை நீ பார்த்தாய்தானே.

இங்கே எல்லோரும் சுகம். பத்துக்குப் பத்து வீட்டில் படித்து எஞ்சினியர் ஆனவன் என்று உன்னைக் காட்டித்தான் மற்றப் பிள்ளைகளை அதட்டுகிறார்கள். அப்பாவிற்கு இப்போது சாரத்தில் ஏறினால் தலை சுற்றுகிறது. ஆனாலும் பெயிண்ட் வேலையை விடுவதாக இல்லை. 2021-இல் 'இலங்கை அகதிகள் முகாம்' என்பதை 'இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்' என்று மாற்றியபோது, வாசல் பலகையில் பழைய பெயரைக் கூலி வாங்காமல் அழித்தவர் அவர். செக்கிங்கிற்கு வரும்போது அடையாள அட்டையை மறந்துவிடாதே.

போன வாரம் உன் போனை ஒரு பெண் எடுத்தாள். நல்ல பிள்ளை, மரியாதையாகக் கதைத்தாள். "அம்மா, மதுரையில் எந்த ஏரியா?" என்று கேட்டாள். நீ அவளிடம் என்ன சொல்லியிருக்கிறாய் என்று தெரியாததால், முகாமைச் சொல்லாமல் பக்கத்து ஊரின் பெயரைச் சொன்னேன். 'கதைக்கிறன்' என்று வாய்வரை வந்ததை விழுங்கி, 'பேசுறேன்' என்று சொல்லிச் சமாளித்தேன். வைத்த பிறகு அடுப்பில் சோறு தீய்ந்தது கூடத் தெரியாமல் இருந்தேன்.

உன்மேல் கோபப்பட எனக்கு வாயில்லை, ராசா. ஒன்றாம் வகுப்பில் பிள்ளைகள் உன் பேச்சைக் கேட்டுச் சிரித்தார்கள் என்று நீ அழுதுகொண்டு வந்த அன்று, 'கதை என்று சொல்லாதே, பேசு என்று சொல்லு. எந்த ஊர் என்று கேட்டால் மதுரை என்று சொல்லு' என்று மடியில் வைத்துச் சொல்லிக் கொடுத்தது நான்தான். 1990-இல் தலைமன்னாரிலிருந்து ஒரு சீலைப் பையோடு படகேறியவள் நான். எனக்கே சொல்ல வெட்கமாக இருந்தது. அப்பாவிற்கு இது இன்றுவரை தெரியாது.

அந்தப் பிள்ளையைப் பற்றி நான் எதுவும் கேட்கவில்லை. செக்கிங் ஞாயிற்றுக்கிழமை, சனி இரவு பஸ் ஏறினால் விடிய வந்துவிடலாம். அட்டையை மறக்காதே. தனியாக வந்தாலும் சரி, கூட்டிக்கொண்டு வந்தாலும் சரி, புட்டும் சொதியும் செய்து வைப்பேன்.

அம்மா