மல்லிக்குக் கவாத்து

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

உன் கடிதம் போன வாரம் கிடைத்தது. இங்கே எல்லோரும் சுகம். திருமங்கலத்தில் ஐப்பசி மழை பேருக்குப் பெய்துவிட்டுப் போயிற்று. கண்மாயில் கால் நனையும் அளவுக்குத்தான் தண்ணீர். மூத்தவளுக்குத் தையில் கல்யாணம் முடிவாகியிருக்கிறது. பையன் ராஜபாளையம், மில்லில் வேலை. உன் தங்கச்சி இப்போதே என்னை ஜவுளிக்கடை ஜவுளிக்கடையாக இழுத்துக்கொண்டு அலைகிறாள். பத்திரிகை அடித்ததும் நேரில் வருகிறேன்.

சரி, உன் மல்லிச் செடிக்கு வருவோம். ஆளுயரம் வளர்ந்திருக்கிறது, இலை பச்சைப்பசேலென்று இருக்கிறது, பூ மட்டும் தங்கச்சி தலைக்கு ஒரு கிள்ளுகூடத் தேறவில்லை என்று எழுதியிருந்தாய். கடைசியாக எப்போது வெட்டினாய் என்று எழுதவே இல்லை. வெட்டியிருக்க மாட்டாய் என்று எனக்குத் தெரியும். "பச்சையா நிக்கிறதை எப்படிடா வெட்டுறது" என்பாய். குண்டு மல்லி மொக்கு வைப்பதே புதுத் துளிரின் நுனியில்தான். பழைய வாதுகளை, அதாவது கிளைகளை, விட்டு வைத்தால் அவை தண்ணீரையும் உரத்தையும் தின்றுகொண்டு சும்மா நிற்கும்.

இப்படி வெட்டிவிடுகிற கவாத்துக்கு நவம்பர் கடைசி வாரம்தான் சரியான நேரம். எங்கள் பக்கத்துத் தோட்டக்காரர்கள் அதற்குக் கொஞ்ச நாள் முன்பே தண்ணீரை நிறுத்திச் செடியை வாடப் போடுவார்கள். பிறகு தரையிலிருந்து 50 செ.மீ. விட்டு மேலே இருப்பது அத்தனையையும் எடுத்துவிடுவார்கள். ஆமாம், முழங்கால் உயரத்துக்கு. தூரில் காய்ந்தது, நோஞ்சான் சிம்பு, ஒன்றோடொன்று உரசுகிற வாது எல்லாம் போக வேண்டும். மிச்சமிருக்கும் இலையையும் உருவிவிட்டுத் தொழு உரம் வைத்து, மண்ணைக் கொத்தித் தண்ணீர் விட்டால், கணுவுக்குக் கணு துளிர் வெடிக்கும். மாசி, பங்குனியில் மொக்கைப் பார்த்துவிடலாம். முல்லையும் வைத்திருக்கிறாய் அல்லவா? அதைத் தொடாதே. அதற்கு ஜனவரி கடைசி வாரம், உயரம் 45 செ.மீ.

மார்கழியில் மல்லி கிலோ ஆயிரக்கணக்கில் விற்கும்போது, கையில் இருக்கிற செடியை மொட்டையடிக்க யாருக்கு மனசு வரும்? அந்தக் குளிரில் தேறுகிற நாலு பூவுக்கு ஆசைப்பட்டுத் தள்ளிப்போட்டால் கோடை மகசூல் முழுவதும் அடிபடும். விற்கிறவனுக்காவது அதில் ஒரு கணக்கு இருக்கிறது. வீட்டுக்கு வைத்திருக்கிற உனக்கு என்ன?

உன் தெருவில் யாரோ ஒருவர் வந்து எல்லாச் செடியையும் கிராப்பு வெட்டுகிற மாதிரி உருண்டையாக நறுக்கிவிட்டுப் போகிறார் என்றாயே, அவரைத் தயவுசெய்து வாசலோடு அனுப்பிவிடு. நுனியை மட்டும் நறுக்கினால் வெளியே இலை அடர்ந்து மூடும். உள்ளே வெயிலும் காற்றும் போகாமல் வெறும் குச்சி. நல்ல கவாத்துக் கத்தரி ஒன்று வாங்கிக்கொள். கணுவுக்குக் கொஞ்சம் மேலே, சரிவாக, நசுங்காமல் ஒரே வெட்டு.

அப்புறம், சித்திரைத் திருவிழாவுக்குச் சொந்தக்காரர்கள் வருகிறார்கள், தோட்டம் 'நீட்டா' இருக்கட்டும் என்று அந்தச் சமயத்தில் கத்தரியை எடுத்துவிடாதே. நம் ஊர்ச் செடிக்கு இதைவிடக் கெடுதல் கிடையாது. அதுவரை இலை நிழலில் இருந்த வாது திடீரென்று வெயிலைப் பார்த்தால் பட்டை வெந்து வெடிக்கும். வருகிற துளிரும் கத்திரி வெயிலில் கருகும். பங்குனியிலிருந்து ஒரு நல்ல மழை விழும்வரை காய்ந்ததையும் ஒடிந்ததையும் எடு, அதோடு நிறுத்து.

காகிதப்பூவுக்குத் தினமும் தண்ணீர் விடுகிறாயா? அதனால்தான் முள்ளும் இலையுமாக மாடிக்கு ஏறுகிறது. நாம் பூ என்று பார்க்கிற அந்தக் கலர் இலைகள் மண் காய்ந்தால்தான் கொத்துக் கொத்தாக வரும். நிஜப் பூ நடுவில் இருக்கிற சின்ன வெள்ளைக்குழல். ஒரு முறை பூத்து ஓய்ந்ததும் நீண்ட வாதுகளைப் பாதியாகக் குறைத்து, அப்புறம் தண்ணீரைக் காயவிட்டுப் பாய்ச்சு.

செம்பருத்தியிடம் மல்லி போல முரட்டுத்தனம் காட்டாதே, மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எடுக்காதே. மாவுப்பூச்சி அப்பிய நுனிகளை மட்டும் எப்போது கண்டாலும் கிள்ளி, பையில் கட்டித் தூரப் போடு.

அரளி, நீ கேட்கவே வேண்டாம், எப்படி வெட்டினாலும் தழைக்கும். நான்குவழிச் சாலை நடுவில் ஆடுமாடு வாய் வைக்காமல், கேட்பாரில்லாமல் பூத்துக் கிடக்கிறதே. ஆனால் வெட்டின வாதைப் பேரப்பிள்ளைகள் பக்கம் போடாதே. பால் கண்ணில் பட்டால் எரியும், செடி முழுக்க விஷம். காய்ந்த பிறகும் விஷம் போகாது. குப்பையோடு கொளுத்தினால் புகையும் ஆகாது. குழி வெட்டிப் புதைத்துவிடு.

உன் வீட்டு ஆரஞ்சுக் காகிதப்பூவை வெட்டும்போது பென்சில் தடிமனில் நாலைந்து குச்சி எனக்கு எடுத்து, ஈரத்துணியில் சுற்றி வை. பத்திரிகை கொண்டு வரும்போது வாங்கிக்கொள்கிறேன். கல்யாணத்துக்கு முதல் நாளே நீயும் தங்கச்சியும் வந்துவிட வேண்டும். பந்தி விசாரிக்க உன்னை விட்டால் எனக்கு ஆள் இல்லை. சர்க்கரை எவ்வளவு இருக்கிறது என்பதை மறைக்காமல் அடுத்த கடிதத்தில் எழுது.

இப்படிக்கு,
உன் கடைசி பெஞ்சு மாப்பிள்ளை