மெய்நிறுத்தி உடைய வேண்டியதில்லை: மாயப்புனைவு எழுதுவோருக்கு ஒரு திறந்த மடல்

மாயப்புனைவு எழுதுகிறவர்களுக்கும் அந்த உலகங்களை வைத்து விளையாட்டு அமைக்கிறவர்களுக்கும் வணக்கம்.

உலகம் கிழிந்துபோகாமல் பிடித்துவைக்கும் மந்திரக் கருவி ஒன்று உங்கள் கதைகளில் அடிக்கடி வருகிறது. தூண், நங்கூரம், இதயக்கல் என்று பெயர்தான் மாறும். இங்கே மெய்நிறுத்தி என்று வைத்துக்கொள்வோம். கடைசி அத்தியாயத்தில் வில்லன் அதை உடைக்கப் போவான், வானம் நிறம் மாறும். உடைந்தால்தான் ஆபத்து என்பது உங்கள் கணக்கு. இயந்திரங்களைச் சொன்ன நிலையில் நிறுத்திவைக்கும் கட்டுப்பாட்டுப் பொறியியலில் வேலை பார்க்கும் எங்களுக்கு அது ஒப்பவில்லை. நிலைப்படுத்தும் கருவி எதுவானாலும், ஒரு கீறல்கூட இல்லாமல் சொன்ன வேலையைச் செய்துகொண்டிருக்கும்போதே உலகத்தைக் கவிழ்க்கக்கூடியது. வேலியே பயிரை மேயும். அதை எழுதுங்கள் என்று கேட்கத்தான் இந்த மடல்.

முதலில் உறுப்புகள். உலகம் எப்படி இருக்க வேண்டும் என்று சொல்லும் ஆதாரக்கல் ஒன்று. இப்போது எப்படி இருக்கிறது என்று பார்க்கும் உணரி ஒன்று. இரண்டையும் கழித்து வித்தியாசம் சொல்லும் தட்டு. அந்த வித்தியாசத்துக்கு ஏற்ப உலகத்தைத் திருப்பித் தள்ளும் கை. எவ்வளவு வேகமாகத் தள்ளுவது என்பதற்கு ஒரு திருகு. கருவி ஒவ்வொரு துடிப்புக்கும் ஒருமுறை பார்த்து ஒருமுறை தள்ளும்.

ஒரு குன்று 6 அடி நகர்ந்துவிட்டது என்று வையுங்கள். திருகு 0.5-இல் இருந்தால், அதாவது ஒவ்வொரு துடிப்பிலும் விலகலில் பாதியைத் திருத்தினால், விலகல் 6, 3, 1.5 என்று குறையும். 1-இல் வைத்தால் ஒரே துடிப்பில் குன்று பழைய இடத்துக்கு வந்துவிடும். 1-ஐத் தாண்டினால் அந்தப் பக்கம் போய்த் திரும்பும், ஆனாலும் அடங்கும். 2-இல் இந்தப் பக்கம் 6, அந்தப் பக்கம் 6 என்று ஓயாமல் ஆடும். அதற்கு மேல் ஒவ்வொரு ஆட்டமும் முந்தையதைவிடப் பெரிது.

இப்போது உணரியின் செய்தி ஒரு துடிப்பு தாமதமாக வரட்டும். வேறு எதையும் தொடாதீர்கள். ஒரே துடிப்பில் சரிசெய்த அதே 1, இப்போது குன்றை 6, 6, 0, −6, −6, 0, மறுபடி 6 என்று ஆறு துடிப்புக்கு ஒரு சுற்றாக ஆட்டிக்கொண்டே இருக்கும். 1.2-இல் வைத்தால் ஆறாவது துடிப்பில் விலகல் ஏறத்தாழ 11.5 அடி. கொஞ்சமும் ஆடாமல் அடங்க வேண்டுமானால் திருகு 0.25-ஐத் தாண்டக் கூடாது. குளியலறையில் வெந்நீர் வரத் தாமதமாகிறதென்று குழாயை மேலும் திருகி, பிறகு சுட்டுக்கொள்கிறோமே, அதே கணக்கு. இதில் உங்களுக்கு ஒரு கதையே இருக்கிறது. அரசன் எல்லையை விரிக்கிறான், தொலைவிலிருந்து செய்தி வர நேரமாகிறது, பாட்டன் காலத்தில் நன்றாக ஓடிய திருகளவு இன்று நாட்டை ஆட்டுகிறது. வில்லன் யாரும் தேவைப்படவில்லை. நீராவி இயந்திரத்தின் வேகக் கட்டுப்படுத்தி எப்போது அடங்கும், எப்போது ஊசலாடும் என்று இயற்பியலாளர் மேக்ஸ்வெல் 1868-இலேயே கணக்கெழுதிவிட்டார்.

அடுத்தது நினைவு. சின்னக் கசிவு மிச்சமில்லாமல் அடைபட, பழைய விலகல்களையெல்லாம் கூட்டிவைத்துக்கொண்டு தள்ளும் ஏற்பாடு தேவைப்படும். பெரிய பிளவு ஒன்று திறக்கும்போது கை தன் முழு பலத்தில் தள்ளியும் போதாது, கூட்டலோ ஏறிக்கொண்டே போகும். பிளவு மூடிய பிறகும் அந்தக் கூட்டல் வடியும்வரை கை தள்ளுவதை நிறுத்தாது. மூடிய இடம் மறுபக்கம் பிதுங்கும். கை முழு பலத்தை எட்டியதும் கூட்டலை நிறுத்து என்று மந்திரத்தில் ஒரு வரி சேர்த்தால் போதும். அந்த வரியைத் தேவையில்லை என்று அடித்துவிடும் ஒரு சீடன் போதும், அழிவுக்கு.

எங்களைக் கேட்டால், எல்லாவற்றிலும் பயங்கரமானது ஆதாரக்கல். இதற்கு நிஜ உலகத்திலேயே உதாரணம் உண்டு. 1889 முதல் 2019 மே 20 வரை கிலோகிராம் என்றால் பாரிஸ் அருகே பூட்டிவைத்த ஒரு பிளாட்டினம்-இரிடியம் உருளை, அவ்வளவுதான். உயரமும் விட்டமும் 39 மில்லிமீட்டர் அளவு. சுமார் நூறாண்டில் அதற்கும் அதன் நகல்களுக்கும் இடையே ஏறத்தாழ 50 மைக்ரோகிராம் வித்தியாசம் வந்தது. உருளை இளைத்ததா, நகல்கள் பருத்தனவா என்று சொல்ல வழியில்லை. வரையறைப்படி உருளை தப்பாக இருக்கவே முடியாது, உலகம்தான் தப்பு. உங்கள் ஆதாரக்கல்லின் ஓரம் கொஞ்சம் உதிர்ந்தால் மெய்நிறுத்தி அந்த உதிர்ந்த கல்லுக்கு ஏற்ப உலகத்தைச் செதுக்கும். தட்டு சுழியம் காட்டும். காவலர்கள் நிம்மதியாகத் தூங்குவார்கள். மூன்று உணரி வைத்து, இரண்டு சொல்வதை நம்பு என்று விதி போட்டாலும் பயனில்லை, மூன்றும் அதே கல்லைப் பார்த்துப் பழகியவை என்றால்.

நிறுத்துவதையும் எளிதாக எழுதிவிடாதீர்கள். 1986 ஏப்ரல் 26 அன்று செர்னோபில் அணு உலையில் அவசர நிறுத்தப் பொத்தானை அழுத்தினார்கள். வினையை அடக்க இறங்கிய கட்டுப்பாட்டுத் தண்டுகளின் முனையில் இருந்த கிராஃபைட், நியூட்ரான்களை விழுங்கிக்கொண்டிருந்த தண்ணீரை முதலில் விலக்கியது. உலையின் அடிப்பகுதியில் வினை குறைவதற்குப் பதில் கூடியது. 1946 மே 21 அன்று அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் அணு ஆய்வகத்தில் இயற்பியலாளர் லூயி ஸ்லோட்டின், 6.2 கிலோ புளுட்டோனிய உருண்டைக்கு மேல் கவிழ்த்த பெரிலியக் கிண்ணத்தை ஒரு ஸ்க்ரூடிரைவரால் தாங்கிப் பிடித்திருந்தார். அது வழுக்கியது, கிண்ணம் மூடியது, அணுவினை ஒரு கணம் பொங்கியது, அந்தக் கதிர்வீச்சால் ஒன்பது நாளில் இறந்தார். புவியீர்ப்பு அங்கே ஆபத்தின் பக்கம் நின்றது. கீழ்ப் பாதியைத் தூக்கிச் சேர்க்கும் அமைப்பாக இருந்திருந்தால், கை நழுவினால் அது விலகித்தான் விழுந்திருக்கும். உங்கள் மெய்நிறுத்தியில் கயிறு அறுந்தால் கை எந்தப் பக்கம் விழும்? தள்ளிக்கொண்டே இருக்குமா, விட்டுவிடுமா, கடைசி நிலையிலேயே உறையுமா? எழுதத் தொடங்குமுன் இதை முடிவுசெய்துகொள்ளுங்கள்.

பராமரிப்பும் வேண்டும். கல்லை வெளியே எடுத்துத் துடைக்கும் நேரத்தில் ஒப்பிட எதுவும் இருக்காது; கை கடைசியாகத் தள்ளிய அளவிலேயே நிற்கும். அந்த நேரத்தில் தோன்றும் விரிசல் எந்தத் தட்டிலும் தெரியாது. அதனால் துடைப்பவர் ஒருவர், வெளியே நின்று வெறுங்கண்ணால் குன்றைப் பார்ப்பவர் இன்னொருவர் என்று குறைந்தது இரண்டு பேரை வையுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் கதைகளைத் தவறாமல் படிக்கும் சில கட்டுப்பாட்டுப் பொறியாளர்கள்