ஸ்த்ராஸ்பூருக்குப் போகும் ரயில்

முத்தியால்பேட்டை,
புதுச்சேரி.
ஞாயிறு சாயங்காலம்

அன்புள்ள சித்ரா,

உனக்கு எழுதி ஏழு மாதம் ஆகிவிட்டது. பொங்கலுக்கு நீ போட்ட கடிதம் இன்னும் என் தையல் மெஷின் டிராயரில்தான் இருக்கிறது. திட்டு, வாங்கிக்கொள்கிறேன். முழங்கால் எப்படி இருக்கிறது? மாடிப்படி ஏறாதே என்று டாக்டர் சொன்னதைக் கேட்டாயா, இல்லை வழக்கம்போல் மொட்டைமாடியில் வடகம் காய வைக்கிறாயா? இங்கே எல்லாரும் சௌக்கியம். நம் மீனாட்சி மறுபடி வீடு மாற்றிவிட்டாள். காரணம் உனக்கே தெரியும்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போனில் சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நீ என்னை முழுசாகப் பேச விடமாட்டாய். இதை முழுசாகத்தான் சொல்ல வேண்டும்.

பேத்தி சின்னவள் விஷயம்தான். ஐந்தாவது போகிறாள், இந்த வருஷம் பிரெஞ்சு எடுத்திருக்கிறாள். ஒரு மாதமாகச் செவ்வாயும் வெள்ளியும் வந்தால் வயிற்றுவலி. அவள் அம்மா டாக்டரிடம் காட்டினாள், மாத்திரை வாங்கினாள், ஓமத்தண்ணீர் கொடுத்தாள். ஒன்றும் கேட்கவில்லை. போன வாரம் ராத்திரி கரண்ட் போய்விட்டது. விசிறிக்கொண்டே படுத்திருந்தபோது, இருட்டில்தான் அவளுக்கு வாய் வந்தது. வகுப்பில் எழுந்து ஒரு வரி வாசிக்கச் சொன்னார்களாம், பிரான்சில் இருக்கும் ஸ்த்ராஸ்பூர் நகரத்துக்குப் போகும் ரயிலைப் பற்றி. இவள் ‘இஸ்திராஸ்பூர்’ என்றிருக்கிறாள். டீச்சர் நிறுத்தி, முன்னால் ‘இ’ இல்லை, திரும்பச் சொல் என்றாராம். திரும்பவும் இஸ்திராஸ்பூர். ஆறு தடவை. ஏழாவது தடவை வகுப்பே சிரித்ததாம். இப்போது பிள்ளைகள் இவளை ‘இஸ்’ என்றுதான் கூப்பிடுகிறார்கள். அதற்கப்புறம் அந்த வகுப்பில் இவள் வாயைத் திறக்கவே இல்லை.

எனக்கு அன்றைக்குத் தூக்கம் வரவில்லை, சித்ரா.

மறுநாள் மூன்றாவது வீட்டு சொல்தா தாத்தாவிடம் போனேன். பிரெஞ்சுப் பட்டாளத்துச் சிப்பாயாகப் பிரான்சில் இருபது வருஷம் இருந்தவர் இல்லையா. விளையாட்டுக்குப் பிரெஞ்சில் சொல்லும் ‘ஸ்போர்’ என்ற சொல்லை இரண்டு விதமாகச் சொல்லச் சொல்லி மொபைலில் பதிவு செய்துகொண்டேன். ஒன்று ‘இ’ போட்டு, இன்னொன்று ‘இ’ இல்லாமல். சின்னவளைப் பக்கத்தில் உட்கார வைத்து மாற்றி மாற்றிப் போட்டுக் காட்டினேன். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். நாலு தடவை கேட்டுவிட்டு, “ரெண்டும் ஒண்ணுதானே பாட்டி?” என்றாள்.

எனக்கு நெஞ்சு திக்கென்றது. இவளுக்கு வாய் வரவில்லை என்று நினைத்திருந்தேன். காதிலேயே விழவில்லை! காதில் விழாததை ஆறு தடவை என்ன, அறுபது தடவை சொல்லச் சொன்னாலும் எப்படி வரும்?

மூத்தவன் மொழியியல் படிக்கிறான் அல்லவா, அவனிடம் சொன்னேன். அவன் ஓர் ஆராய்ச்சியைக் காட்டினான். 1999இல் எமானுவேல் துப்பூ என்பவரும் கூட இருந்தவர்களும் வெளியிட்டது. ஜப்பான்காரர்களுக்கும் பிரெஞ்சுக்காரர்களுக்கும் ‘எப்ஸோ’, ‘எபுஸோ’ என்ற அர்த்தமில்லாத சொற்களைப் போட்டுக் காட்டியிருக்கிறார்கள். நடுவில் இருக்கும் ‘உ’வைக் கொஞ்சம் கொஞ்சமாக வெட்டி, கடைசியில் இல்லாமலே செய்துவிட்டார்கள். பிரெஞ்சுக்காரர்களுக்கு அது போனது தெரிந்தது. ஜப்பான்காரர்களுக்குப் பெரும்பாலும் ‘உ’ கேட்டுக்கொண்டே இருந்தது. அவர்கள் மொழியில் அப்படி இரண்டு மெய் உரசி நிற்கவே நிற்காது. அதனால் இல்லாத உயிரைக் காதே போட்டுக் கேட்கிறது. ஸ்த்ராஸ்பூர் அவர்களுக்கு ‘சுதொராசுபூரு’. சின்னவளிடம் சொன்னேன், ஒரு மாதத்தில் முதல் தடவையாக வாய்விட்டுச் சிரித்தாள்.

அதே ஆராய்ச்சியில் இன்னொன்றும் உண்டு. ‘எபுஸோ’வையும் ‘எபூஸோ’வையும் போட்டால் ஜப்பான்காரர்கள் சட்டென்று பிரித்துவிட்டார்கள். பிரெஞ்சுக்காரர்கள்தான் தடுமாறினார்கள், அவர்கள் மொழியில் குறில் நெடில் பேதத்துக்கு வேலை இல்லை. படித்ததும் என்னிடம் தமிழ் கற்றுக்கொள்ள வந்த அந்தப் பிரெஞ்சு அம்மாள் ஞாபகம் வந்தார். இரண்டு வருஷம் படித்தும் “எனக்குக் கல் வலிக்கிறது” என்பார். நான் ‘கால், கால்’ என்று எத்தனை தடவை சொல்லியிருப்பேன்! “அதைத்தானே நானும் சொல்கிறேன்” என்பார் பாவம். அவருக்கும் காதில்தான் விழவில்லை.

இனி நான் சொல்லப் போவதுதான் உனக்கு. நம் தமிழ் வாத்தியார் ஒற்று ஐயா வகுப்பில் நன்னூலின் ‘இணைந்தியல் காலை’ சூத்திரம் ஒப்பிக்க முடியாமல் நீ என் முதுகுக்குப் பின்னால் ஒளிந்தாயே, அதே சூத்திரம். வடமொழிச் சொல்லில் மெய்யோடு மெய் ஒட்டி வந்தால் தமிழில் நடுவில் ஓர் உயிர் வரும். ய, ர, ல வந்தால் அதற்கு முன் இகரம், ம, வ வந்தால் உகரம், ந வந்தால் அகரம். வாக்கியம், சுக்கிலம், பதுமம், பக்குவம் என்று அடுக்குவாரே. அடுக்களையில் சும்மா நின்றுகொண்டு நம் வீட்டுச் சொற்களைப் போட்டுப் பார்த்தேன். சிலேட்டு, லகரம், இகரம் வந்துவிட்டது. பிரட்டு, கிளாசு, பிளேட்டு, எல்லாம் இகரம். கியூ, யகரம், அதற்கும் இகரம். சுவிட்சு, வகரம், உகரம்! பவணந்தி முனிவர் ஏறக்குறைய 800 வருஷத்துக்கு முன்னால் எழுதி வைத்தது. இங்கிலீஷ் வந்த பிறகும் நம் வாய் அந்த வழியிலேயே நடந்திருக்கிறது, சொல்லிக்கொடுக்க ஆள் இல்லாமலே. கையில் கரண்டியோடு நின்றபடியே எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

‘இஸ்கூல்’ மட்டும் அந்தச் சூத்திரத்துக்குள் வராது. ‘ஸ்’ஸுக்கு அடுத்து க, த, ட, ப வந்தால் கதையே வேறு. பழைய காலத்தில் அந்த ‘ஸ்’ஸையே எடுத்துவிட்டார்கள். ஸ்கந்தன் கந்தன் ஆனான், ஸ்தலம் தலம் ஆயிற்று, ஸ்தூபி தூபி ஆயிற்று. பின்னால் வந்தவர்கள் அதை எடுக்காமல் முன்னால் ஓர் ‘இ’யைப் போட்டார்கள், இஸ்கூல், இஸ்டேஷன், இஸ்டூல். ஏன் சிலேட்டுக்கு நடுவிலும் இஸ்கூலுக்கு முன்னாலும் என்று மூத்தவனைக் கேட்டேன். ‘ஸ்’ஸிலிருந்து ‘ல’வுக்குப் போகும்போது ஒலி ஏறுகிறது, நடுவில் ஒரு படி வைத்தால் போதும். ‘ஸ்’ஸிலிருந்து ‘க’வுக்குப் போனால் ஒலி அப்படியே அடைபட்டு இறங்குகிறது. அதனால் வாசலுக்கு முன்னால் ஒரு திண்ணை கட்ட வேண்டியிருக்கிறது என்றான். எகிப்துக்காரர்களும் இதே மாதிரிதானாம், பிளாஸ்டிக் என்பதற்கு ‘பிலாஸ்டிக்’ என்று நடுவிலும், ஸ்டடி என்பதற்கு ‘இஸ்டடி’ என்று முன்னாலும். அவர்களுக்கு நன்னூல் தெரியுமா என்ன!

ஸ்பெயின்காரர்களுக்குப் பள்ளிக்கூடம் ‘எஸ்குவேலா’. துருக்கிக்காரர்கள் பிரெஞ்சிலிருந்து ஸ்டேஷனை வாங்கி ‘இஸ்தஸ்யோன்’ ஆக்கிக்கொண்டார்கள். அதெல்லாம் இருக்கட்டும். அந்த டீச்சர் பள்ளிக்கூடத்துக்குத் தினமும் சொல்லும் ‘எக்கோல்’ எங்கிருந்து வந்தது தெரியுமா? லத்தீனில் ‘ஸ்கோலா’. அந்தக் காலத்துப் பிரெஞ்சுக்காரர்கள் வாயிலும் அது நிற்கவில்லை, முன்னால் ஓர் உயிரைப் போட்டு ‘எஸ்கோல்’ என்றார்கள். அப்புறம் ‘ஸ்’ தேய்ந்து ‘எக்கோல்’. நட்சத்திரத்துக்கு ‘எத்வால்’, அதுவும் லத்தீன் ‘ஸ்தெல்லா’வுக்கு முன்னால் உயிர் போட்டதுதான். பிரெஞ்சுப் பள்ளிக்கூடத்தின் பெயரிலேயே சின்னவளுடைய ‘இ’ உட்கார்ந்திருக்கிறது, சித்ரா!

சொல்தா தாத்தா இன்னொன்றும் சொன்னார். பாரீஸில் அந்த வெற்றி வளைவு இருக்கிறதே, ‘ஆர்க் த த்ரியோம்ஃப்’, அதை அங்கே பிறந்தவர்களே ‘ஆர்க்கெ த’ என்று எழுத்தில் இல்லாத ஓர் உயிரை இடையில் போட்டுத்தான் சொல்வார்களாம். மெய் நெருக்கினால் அவர்களுக்கும் மூச்சு முட்டத்தான் செய்கிறது.

சரி, அவளுக்குச் சொல்லிக்கொடுக்க வேண்டுமே. ‘இ’யை எடு, எடு என்றால் நடக்காது என்று தெரிந்துவிட்டது. அஸ்திவாரம், கஸ்தூரி, புஸ்தகம் எல்லாம் அவள் வாயில் தண்ணீர்பட்ட பாடு. அங்கே ‘ஸ்’ முந்தின அசையின் வாலாக நிற்கிறது, அதனால் கஷ்டமில்லை. அடுக்களைக்குக் கூட்டிப் போனேன். குக்கர் விசில் வருவதற்கு முன்னால் ‘ஸ்ஸ்ஸ்’ என்று சீறுமே, அதைக் கேட்கச் சொன்னேன். “அதுல ‘இ’ இருக்கா?” “இல்ல.” “நீயும் குக்கர் மாதிரி சீறு.” சீறினாள். பல்லுக்கு முன்னால் உள்ளங்கையை வைத்து, காற்று வருகிறதா என்று பார்த்துக்கொண்டாள். “சீறிக்கிட்டே இரு, நிறுத்தாம ‘தா’ சொல்லு.” ஸ்ஸ்ஸ்…தா. பத்து தடவைக்குள் வந்துவிட்டது.

அடுத்தது ‘த்ரா’. அதற்கு உன் பெயர்தான் உதவிற்று. வருகைப் பதிவேட்டில் நீ சித்திரா. ஒற்று ஐயா கடைசி நாள் வரைக்கும் இகரத்தை விடாமல் சித்திரா என்றுதான் கூப்பிட்டார். நாங்கள் எல்லாரும் சித்ரா. சின்னவளை உன் பெயரை வேகமாகச் சொல்லச் சொன்னேன். சித்ரா, சித்ரா, சித்ரா. இப்போது ‘சி’யை வாய்க்குள்ளேயே விழுங்கிவிடு என்றேன். த்ரா! அப்புறம் குக்கரையும் உன்னையும் சேர்த்தோம். ஸ்ஸ்…த்ரா. ஸ்த்ரா. ஸ்த்ராஸ்பூர். அந்த ‘ர’ தொண்டையிலிருந்து வர வேண்டுமாம், அதற்கு சொல்தா தாத்தா இருக்கிறார். பழைய பதிவைத் திரும்பப் போட்டேன். “பாட்டி, இதுல ‘இ’ இருக்கு, இதுல இல்ல” என்றாள். நாலு நாளில் காது திறந்துகொண்டது!

உன்னிடம் மட்டும் சொல்கிறேன். தேவனாம்பட்டினத்துப் பையன் ஒருத்தன், என் முதல் வருஷ வகுப்பில். உனக்கு ஞாபகம் இருக்கும், மழையில் எனக்குக் குடை பிடித்துக்கொண்டு வருவானே, அவன்தான். தலபுராணம் வாசிக்கும்போது ‘இஸ்தலம்’ என்றான். நான் அவனைப் பெஞ்சுமேல் ஏற்றினேன், மணி அடிக்கும் வரைக்கும். தமிழ் டீச்சர் நான்! நன்னூலைக் கரைத்துக் குடித்தவள். அவன் காதில் என்ன விழுந்தது என்று ஒரு வார்த்தை நான் கேட்கவில்லை. இந்த ஒரு வாரமாக அவன் முகம் கண்முன்னால் நிற்கிறது. அவன் இப்போது எங்கே இருக்கிறான் என்று உன் தம்பிக்குத் தெரியுமா, கேட்டுச் சொல்.

வெள்ளிக்கிழமை சின்னவளுக்கு வயிற்றுவலி வரவில்லை. வகுப்பில் வாயையும் திறக்கவில்லையாம், பரவாயில்லை. செவ்வாய்க்கிழமை நான் போய் அந்த டீச்சரைப் பார்க்கப் போகிறேன். சண்டைக்குப் போகவில்லை. அவருக்கும் சின்ன வயசுதான், முப்பது பிள்ளைகளை வைத்துக்கொண்டு திண்டாடுகிறார். ‘எக்கோல்’ கதையைச் சொல்லி, குக்கர் வித்தையையும் சொல்லிவிட்டு வருவேன். கேட்டால் கேட்கட்டும்.

நீ ஒரு காரியம் செய். உன் பெயரை மெதுவாகவும் வேகமாகவும் ஐந்து ஐந்து தடவை சொல்லி மொபைலில் அனுப்பு. என் குரலிலேயே கேட்டுக் கேட்டு அவளுக்குச் சலித்துவிட்டது. மாசி மகத்துக்கு வருவாய் அல்லவா? வரும்போது அந்த வடகம் கொஞ்சம் கொண்டு வா. சின்னவள் உனக்கு ‘த்ரா பாட்டி’ என்று பெயர் வைத்துவிட்டாள், அப்படித்தான் கூப்பிடுவாள்.

உன்,
கலா