மேவிபோசேத்தின் தாதிக்குப் பேர் இல்லை, அப்பா

எருசலேம்
13 செப்டம்பர் 2025, சனி இரவு

கர்த்தருக்குள் அன்பான அப்பாவுக்கு,

மகள் எழுதிக்கொள்வது. இங்கே நான் சுகம். நீங்களும் அம்மாவும் தம்பியும் சுகமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். போனில் பேசினால் உங்களுக்குக் காது கேட்பதில்லை, பக்கத்தில் நிற்கும் அம்மா நான் சொல்வதில் பாதியைத்தான் உங்களிடம் சொல்கிறாள். அதனால்தான் இந்தக் கடிதம். என்னோடு வேலை பார்க்கும் ஒரு அக்கா அடுத்த வாரம் மார்த்தாண்டம் போகிறாள், அவள் கையில் கொடுத்தனுப்புகிறேன்.

முதலில் வீட்டு விஷயம். பணம் பத்தாம் தேதியே அனுப்பிவிட்டேன். தம்பி ஃபீஸ் கட்டியது போக மிச்சத்தில் அடுப்படி ஓட்டை மாற்றுங்கள். ஏஜென்ட்டுக்குக் கொடுக்க வாங்கின கடன் இந்தக் கிறிஸ்துமஸோடு தீர்ந்துவிடும். அந்த ஆளைப் பற்றி இனி நான் பேசப்போவதில்லை. பேசினால் எனக்குத்தான் ராத்திரித் தூக்கம் போகிறது.

இப்போது நான் இருக்கும் வீடு எருசலேமின் வடக்கு ஓரத்தில், பிஸ்கத் சேவ் என்ற இடத்தில். 1967 சண்டையில் ஜோர்தானிடமிருந்து இஸ்ரேல் பிடித்த நிலத்தில் எழுந்த குடியிருப்பு. சுற்றிலும் ஷுவாஃபாத், பேத் ஹனினா என்று அரபு மக்களின் ஊர்கள். நான் பார்த்துக்கொள்ளும் பாட்டிக்கு 86 வயது. சவ்தா என்றுதான் கூப்பிடுகிறேன், எபிரேயத்தில் பாட்டி என்று அர்த்தம். பாக்தாத்தில் பிறந்தவள். 1951-இல் ஈராக்கிலிருந்து யூதர்களை விமானம் விமானமாக ஏற்றி வந்தார்களே, அதில் பன்னிரண்டு வயதுப் பிள்ளையாக வந்து இறங்கியவள். இரண்டு காலும் வராது, சக்கர நாற்காலிதான். சர்க்கரை வேறு. எங்கள் வேலைக்கு இங்கே மெதபெலெத் என்று பேர்.

அடுப்படியில் இறைச்சிக்கு ஒரு தொட்டி, பாலுக்கு ஒரு தொட்டி. யூதர் இரண்டையும் கலக்கமாட்டார்கள். முதல் மாதம் தயிர்க் கரண்டியை இறைச்சிச் சட்டியில் விட்டுவிட்டு நான் பட்ட பாட்டை நேரில் சொல்கிறேன்.

சரி, இந்தக் கடிதம் எழுத உட்கார்ந்தது வேறு விஷயத்துக்காக. குடும்ப ஜெபத்தில் முறை வைத்து வாசிப்போமே, ஞாபகம் இருக்கிறதா? தம்பிக்கு எப்போதும் சங்கீதமாக வரும், எனக்கு மட்டும் நாளாகமத்து வம்ச அட்டவணை. மோசா பினியாவைப் பெற்றான், பினியாவின் குமாரன் ரப்பா என்று நாக்கு சுளுக்கும். நீங்கள் விடமாட்டீர்கள், திரும்ப வாசி என்பீர்கள். அது யாருடைய வம்சம் என்று அன்றைக்கு எனக்குத் தெரியவும் இல்லை, கேட்கத் தோன்றவும் இல்லை. இங்கே வந்துதான் தெரிந்தது. இஸ்ரவேலின் முதல் ராஜா சவுலின் வம்சம்.

எங்கள் பால்கனியில் நின்றால் மேற்கே ஒரு மேடு தெரியும். டெல் எல் ஃபூல் என்கிறார்கள், அரபியில் மொச்சை மேடு என்கிற மாதிரி. உச்சியில் கான்கிரீட் எலும்புக்கூடு ஒன்று நிற்கிறது. ஜோர்தான் ராஜா உசேன் தனக்கு அரண்மனை கட்டத் தொடங்கினார், 1967 சண்டை வந்து பாதியில் நின்றுபோனது. அந்த மேடுதான் சவுலின் ஊரான கிபியா என்று பலரும் சொல்கிறார்கள். 1922-இல் ஆல்பிரைட் என்ற அமெரிக்கர் அங்கே தோண்டி, அடியில் கிடைத்த சுவரைச் சவுலின் கோட்டை என்றார். அதை எல்லா அறிஞரும் ஒத்துக்கொள்வதில்லை. நான் காலையில் துணி காயப்போடும்போது பார்ப்பது என்னவோ அதைத்தான். முடிக்காத அரண்மனைக்கு அடியில் முதல் ராஜாவின் ஊர்.

ஓய்வுநாள் பள்ளியில் நீங்கள் எங்களுக்குச் சொன்னது, சவுல் கீழ்ப்படியவில்லை, வீடே அழிந்தது என்று. உபதேசியார் மகள் எதிர்த்துப் பேசுகிறாள் என்று கோபப்படாதீர்கள். முதலாம் நாளாகமம் பத்தாம் அதிகாரமும் அதையேதான் சொல்கிறது, அவன் வீட்டார் எல்லாரும் செத்தார்கள் என்று. ஆனால் அதற்கு இரண்டு அதிகாரம் முன்னால், எட்டில், அதே புத்தகம் சவுலில் தொடங்கி ஆத்சேல் வரை பன்னிரண்டு தலைமுறையைப் பேர் பேராக எழுதி வைத்திருக்கிறது. ஒன்பதில் இன்னொரு முறையும் எழுதுகிறது. செத்துப்போன வீட்டுக்கு எதற்கப்பா இரண்டு தடவை அட்டவணை?

போன மார்ச்சில் எங்கள் ஜெபக்கூட்டத்துப் பிள்ளைகள் ஒரு வேன் பிடித்துக் கில்போவாவுக்குப் போனோம். பனியும் மழையும் பெய்யாதிருக்கட்டும் என்று, சவுலுக்குப் பின் ராஜாவான தாவீது சபித்த மலை. நாங்கள் போனபோது இடுப்பளவு பச்சைப் புல், நடுவில் கத்தரிப்பூ நிறத்தில் கை அகலத்துக்கு ஐரிஸ் பூ. அங்கேதான் பெலிஸ்தரோடு நடந்த சண்டையில் சவுலும், அவன் பிள்ளைகள் யோனத்தானும் அபினதாபும் மல்கிசூவாவும் ஒரே நாளில் விழுந்தார்கள். அங்கிருந்து பெத்சான் போனோம். கீழே ரோமர் கட்டிய பட்டணம், 749-இல் வந்த பூகம்பத்தில் சாய்ந்த தூண்கள் வரிசையாகக் கிடக்கின்றன. பின்னால் செங்குத்தாகப் பழைய மேடு. பெலிஸ்தர் சவுலின் உடலைத் தொங்கவிட்டது அந்தப் பழைய ஊரின் மதிலில். மேலே ஏறி நின்றால் கிழக்கே யோர்தான் பள்ளத்தாக்கு, அந்தப் பக்கம் கீலேயாத் மலை. யாபேஸ் ஊர்க்காரர்கள் அங்கிருந்து ராத்திரி முழுக்க நடந்து வந்து உடல்களை இறக்கிக்கொண்டு போனார்கள். சவுல் ராஜாவானதும் முதலில் காப்பாற்றியது அவர்களைத்தானே. நன்றி மறக்காத ஊர் என்று நீங்கள் சொல்வீர்கள். தூரத்தைப் பார்த்தபோது எனக்குக் கால்தான் வலித்தது.

மற்றவர்கள் கதையெல்லாம் உங்களுக்குத் தெரியும். சவுலின் இன்னொரு மகன் இஸ்போசேத் இரண்டு வருஷம் பேருக்கு ராஜாவாக இருந்து, மத்தியானத் தூக்கத்தில் கட்டிலிலேயே குத்துப்பட்டான். சவுலின் மகள் மீகாளைத் தாவீதுக்குக் கொடுத்தார்கள், பிறகு பல்த்தியேலுக்குக் கொடுத்தார்கள், பிறகு பிடுங்கித் திரும்பத் தாவீதிடம் கொடுத்தார்கள். அந்தப் பல்த்தியேல் பகூரீம் வரை அழுதுகொண்டே பின்னால் நடந்தானே, அவனுக்காக யாரும் பிரசங்கம் பண்ணி நான் கேட்டதில்லை. மீகாள் என்ற பேர் இங்கே தெருவுக்கு நான்கு பெண்களுக்கு இருக்கிறது, மிஹல் என்கிறார்கள். சவ்தாவின் பேரன் பேர் யோனத்தான். ரிஸ்பாள் என்று மட்டும் நான் ஒருத்தியைக்கூடப் பார்க்கவில்லை.

ரிஸ்பாள் சவுலின் மறுமனையாட்டி. அவளைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். மூன்று வருஷப் பஞ்சம் வந்தபோது, சவுல் கிபியோனியரைக் கொன்ற பழிக்காக அவன் பிள்ளைகளிலும் பேரப்பிள்ளைகளிலும் ஏழு பேரை அவர்கள் கையில் கொடுத்தார்கள். கிபியாவில் மலைமேல் தூக்கில் போட்டார்கள். அதில் இரண்டு பேர் ரிஸ்பாள் பெற்ற பிள்ளைகள். அவள் பாறைமேல் இரட்டுத் துணியை விரித்து உட்கார்ந்து, பகலில் பறவையும் ராத்திரியில் காட்டு மிருகமும் அண்டவிடாமல் காத்தாள். வாற்கோதுமை அறுப்பு தொடங்கினதிலிருந்து வானத்திலிருந்து மழை பெய்கிற வரை என்று வசனம். ஊரில் வாசித்தபோது ஏதோ பத்து நாள், பதினைந்து நாள் என்று நினைத்திருந்தேன். இங்கே வாற்கோதுமை பஸ்காவையொட்டி, ஏப்ரலில் விளையும். அதற்குப் பிறகு அக்டோபர் வரை சொல்லும்படி மழை கிடையாது. ஐப்பசிக்குத்தான் காத்திருக்கவேண்டும், நடுவில் ஒரு கோடை மழைகூட இல்லை. இன்றைக்குச் செப்டம்பர் 13. மேடு முழுக்கக் காய்ந்து பழுப்பாகக் கிடக்கிறது. கணக்குப்படி ரிஸ்பாள் இன்னும் அங்கே உட்கார்ந்திருக்கிறாள்.

இனி, போனில் சொல்லாமல் மறைத்ததைச் சொல்கிறேன். அம்மாவுக்கு வாசித்துக் காட்டும்போது இந்த இடத்தைத் தாண்டிவிடுங்கள்.

ஜூனில் ஈரானிலிருந்து ஏவுகணை வந்தது தெரியும். எங்கள் கட்டடம் பழையது, வீட்டுக்குள் பாதுகாப்பு அறை கிடையாது. கீழே எல்லாருக்கும் பொதுவான மிக்லாத்துக்கு இறங்கவேண்டும். நாங்கள் முதல் மாடி, பதினான்கு படி. சைரன் அடித்தால் ஒன்றரை நிமிஷம். லிஃப்டில் போகக்கூடாது. சவ்தாவின் மகன் பக்கத்தில் இருந்த நாட்களில் இரண்டு பேராகத் தூக்கினோம். ஒரு ராத்திரி நான் மட்டும். சக்கர நாற்காலியை விட்டுவிட்டு, அவள் கையை என் கழுத்தில் போட்டு, இடுப்பைச் சேர்த்துப் பிடித்து இறங்கினேன். பன்னிரண்டாவது படியில் என் செருப்பு மடங்கியது. விழுந்தோம். அவள் கீழே, நான் மேலே. மேலேயிருந்து ஓடிவந்த ஒரு பையன் அவளை இழுத்து உள்ளே போட்டான். எக்ஸ்ரேயில் எலும்பு முறிவு இல்லை, முழங்காலும் தாடையும் கன்றிப்போயிருந்தன. மகன் இரண்டு நாள் என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. சவ்தா மட்டும் என் கையைத் தட்டி, லோ நோரா, லோ நோரா என்றாள். பரவாயில்லை என்று அர்த்தம்.

அன்றைக்கு மிக்லாத்தில் உட்கார்ந்திருந்தபோது ஒரு வசனம் மட்டும் தலைக்குள் ஓடிக்கொண்டே இருந்தது. இரண்டாம் சாமுவேல் நான்கு. சவுலும் யோனத்தானும் செத்த செய்தி வந்ததும், ஐந்து வயதுப் பிள்ளையைத் தாதி தூக்கிக்கொண்டு ஓடினாள். ஓடிப்போகிற அவசரத்தில் அவன் விழுந்து முடவனானான். அவன் யோனத்தானின் மகன், பேர் மேவிபோசேத். எப்போது வாசித்தாலும் அந்தத் தாதி பிள்ளையைப் போட்டுவிட்டாளே என்றுதான் நினைப்பேன். அன்றைக்குத்தான் மற்றது தோன்றியது. அவள் ஓடாமல் இருந்திருந்தால் பிள்ளையே மிஞ்சியிருக்காது. காலும் போய்விட்டதால்தான் ராஜ்யத்துக்கு ஆசைப்படுவான் என்று யாரும் அவனைச் சந்தேகப்படவில்லையோ என்னவோ. எட்டாம் அதிகாரத்து அட்டவணை முழுக்க அவள் தோளில் இருந்த அந்தப் பிள்ளை வழியாகத்தான் வருகிறது. அங்கே அவனுக்கு மேரிபால் என்று பேர். பாகால் என்ற அந்நிய தெய்வத்தின் பேர் ஒட்டியிருக்கக் கூடாது என்று பின்னால் வந்தவர்கள் போசேத் என்று மாற்றினார்களாம், வெட்கம் என்று பொருள். சவ்தா நான் தரையைச் சரியாகத் துடைக்காவிட்டால் புஷா, புஷா என்பாள், அதே வேரில் வந்த சொல்தான். அவனுக்கு இரண்டு பேர். அவளுக்கு ஒன்றுகூட இல்லை.

அவன் ஒளிந்து வளர்ந்த ஊர் லோதேபார். இங்கத்திய காதுக்கு லோ என்றால் இல்லை, தவார் என்றால் வஸ்து. ஒன்றுமில்லாத ஊர் என்று கேட்கிறது. தாவீது அங்கிருந்து அழைத்துவந்து சவுலின் நிலத்தையெல்லாம் கொடுத்தான். உழுவதற்குச் சவுலின் வேலைக்காரன் சீபா, அவன் பதினைந்து பிள்ளைகள், இருபது வேலைக்காரர். மேவிபோசேத்துக்கு மட்டும் ராஜாவின் பந்தியில் சாப்பாடு. நம்ம கோயில் அசனத்தில் எல்லாரும் ஒரே பந்தி என்பீர்களே, அதைத்தான் இதற்கு உதாரணமாகச் சொல்வீர்கள். எனக்கு அதில் பாதிதான் ஒப்பும். அன்பும் இருந்திருக்கும், பழைய ராஜாவின் பேரன் கண்முன்னேயே இருக்கட்டும் என்ற எண்ணமும் இருந்திருக்கும். தன் மகன் அப்சலோமுக்குப் பயந்து தாவீது ஓடியபோது, எஜமான் ராஜ்யம் தனக்கு வரும் என்று காத்திருக்கிறான் என்று சீபா கோள் சொன்னான். தாவீது திரும்பி வந்து பார்த்தால், போன நாளிலிருந்து மேவிபோசேத் தன் காலைக்கூடச் சுத்தம் பண்ணவில்லை. நடக்க முடியாதவர் கால் அப்படி விட்டால் எப்படி ஆகும் என்று எனக்குத் தெரியும் அப்பா. சவ்தாவுக்குத் தினமும் வெந்நீரில் கழுவி, விரல் இடுக்கைத் துடைத்து, வெடிப்பு இருக்கிறதா என்று டார்ச் அடித்துப் பார்க்கிறேன். அந்தக் காலை ஒரு தரம் பார்த்தாலே யார் பொய் சொல்கிறார்கள் என்று தெரிந்திருக்கும். தாவீது நிலத்தைப் பாதிப் பாதி என்றான். மேவிபோசேத், முழுவதையும் சீபாவே எடுத்துக்கொள்ளட்டும் என்றான்.

அவன் மகன் மீகா. அங்கிருந்து ஆத்சேல் வரை ஓடுகிறது. ஆத்சேலின் தம்பி எசேக்கு, அவன் மகன் ஊலாம். ஊலாமின் பிள்ளைகள் வில்வீரர்கள், பிள்ளையும் பேரனுமாக 150 பேர். சவுலைக் காயப்படுத்தியது வில்வீரர்கள்தானே. அவன் வீட்டிலேயே கடைசியில் வில் பிடித்த 150 பேர்.

சவ்தாவிடம் இதை என் அரைகுறை எபிரேயத்தில் சொன்னேன். எங்கள் பாக்தாத்தில் பழைய காலத்தில் சிறையிருப்பின் தலைவன் என்று ஒருவர் இருப்பார், தாவீது வம்சம் என்று சொல்வார்கள், கலீபாவே மரியாதை கொடுப்பார் என்று பெருமையாகச் சொன்னாள். சவுல் வம்சம் என்று யாராவது சொல்லிக்கொண்டார்களா என்று கேட்டேன். மொர்தெகாய் இருக்கிறாரே என்றாள். எஸ்தர் புத்தகத்தில் அவரும் பென்யமீன், முன்னோரில் ஒரு கீஸ். சவுல் அப்பா பேரும் கீஸ். ஆமான் கையிலிருந்து யூதர்கள் தப்பினதைக் கொண்டாடும் பூரீமுக்கு முந்தின ஓய்வுநாளில், அமலேக்கிய ராஜா ஆகாகைச் சவுல் கொல்லாமல் விட்ட கதையை ஜெப ஆலயத்தில் வாசிக்கிறார்கள். ஆமான் ஆகாகின் வம்சம், அதனால் சவுல் விட்டதை மொர்தெகாய் முடித்தார் என்று கணக்கு. எருசலேமில் பூரீம் மற்ற ஊர்களுக்கு ஒரு நாள் கழித்துத்தான். ஆமான் பேர் வரும்போதெல்லாம் பிள்ளைகள் கிலுக்கு ஆட்டுவதில் சவ்தா கேட்கும் கருவியைக் கழற்றி வைத்துவிட்டாள்.

இப்போது படிக்கட்டுக்கு இரண்டு பக்கமும் கைப்பிடி போட்டுவிட்டார்கள். நானும் செருப்பை மாற்றி, பின்னால் வார் வைத்த ஷூ வாங்கிவிட்டேன். பயப்பட ஒன்றுமில்லை.

அக்கா நவம்பரில் திரும்பி வருவாள். முடிந்தால் உடன்குடிக் கருப்பட்டி ஒரு கிலோ, சுக்கு கொஞ்சம் கொடுத்தனுப்புங்கள். போன தடவை கருப்பட்டி உருகிப் பைபிள் அட்டையெல்லாம் ஒட்டிக்கொண்டது. பனையோலையில் கட்டி, மேலே இரண்டு பிளாஸ்டிக் பை போடச் சொல்லுங்கள்.

அன்பு மகள்