படி ஏறாத கடைகள்

அன்புள்ள வசந்தி,

உன் கடிதம் கிடைத்தது. அப்பா எழுந்து நடக்கிறார் என்று படித்த பிறகுதான் நிம்மதி.

இங்கே செய்தி, பிரவீண் வீடு மாறிவிட்டான். பிராவிடன்ஸ் நகரின் நடுவில், ஆர்கேட் என்ற பழைய கட்டடத்தின் மேல்தளத்தில் ஒரு சின்ன வீடு. போய்ப் பார்த்ததிலிருந்து எனக்கு அந்தக் கட்டடத்தின் நினைப்புதான், பொறுத்துக்கொள்.

1828-ல் கட்டியது. அமெரிக்காவில் இன்னும் நிற்கும் கூரையிட்ட கடைவளாகங்களில் இதுதான் மிகப் பழையது என்கிறார்கள். இரண்டு தெருக்களுக்கு நடுவே நீளமாகப் போகிறது. இரு முகப்பிலும் கிரானைட் தூண்கள், உச்சியில் நெடுகக் கண்ணாடிக் கூரை. ரஸ்ஸல் வாரன், ஜேம்ஸ் பக்லின் என்று இரண்டு கட்டடக் கலைஞர்கள். தூண்களுக்கு மேலே ஒரு முகப்பு ஒரு மாதிரி, மறு முகப்பு வேறு மாதிரி. இருவருக்கும் ஒத்துப்போகவில்லை என்று ஒரு கதை உண்டு. பார்த்தால் நம்பத்தான் தோன்றுகிறது.

மூன்று தளத்திலும் கடைகள் வைத்தார்கள். வினை அங்கேதான். வருகிறவர்கள் கீழேயே வாங்கிக்கொண்டு திரும்பிவிடுவார்கள், மாடிப்படி ஏற மாட்டார்கள். பணம் போட்ட வியாபாரி சைரஸ் பட்லரின் பெயரைச் சொல்லி ‘பட்லரின் பைத்தியக்காரத்தனம்’ என்று கேலி செய்தார்களாம். 1976-ல் தேசிய வரலாற்றுச் சின்னம் என்ற பட்டம் வந்தது. பட்டம் வந்தால் வியாபாரம் வருமா? 2008-ல் மூடிவிட்டார்கள்.

2013-ல் மறுபடி திறந்தபோது கடைகள் கீழ்த்தளத்தோடு சரி. மேலே இரண்டு தளங்களிலும் 48 குட்டி வீடுகள், 225 சதுர அடியில்கூட உண்டு. கடை வாசலாக இருந்ததுதான் இப்போது வீட்டு வாசல். சாமான் வாங்க ஏற மறுத்த அதே படியில், தூங்கப் போகிறவர்கள் முணுமுணுக்காமல் ஏறுகிறார்கள்! அடுப்புதான் கிடையாது, மைக்ரோவேவ் மட்டும். தாளிக்க முடியாத வீடும் ஒரு வீடா என்றேன், பிரவீண் சிரிக்கிறான்.

அப்புறம், உங்கள் அண்ணன் கடை மாடி சும்மா கிடக்கிறது, இடித்துவிடலாமா என்று யோசிக்கிறார் என்று எழுதியிருந்தாயே. அவசரப்பட வேண்டாம் என்று சொல்லடி. மேலே தண்ணீர்க் குழாயும் கழிவுக் குழாயும் கொண்டுபோக வழி இருக்கிறதா, தனிப் படிக்கட்டு வைக்க இடம் இருக்கிறதா என்று முதலில் ஒரு இன்ஜினீயரைக் கூப்பிட்டுக் காட்டட்டும். அவர் என்ன சொன்னார் என்று எனக்கும் எழுது.

அன்புடன்,
மாலா