பக்கத்தில் நிற்கும் புத்தகம்

அன்புள்ள கண்ணா,

போன ஞாயிற்றுக்கிழமை பேசும்போது, "எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் ஏற்கெனவே படித்த மாதிரியே இருக்கிறது அம்மா" என்றாய். அன்றிலிருந்து அதுவே மனதில் ஓடிக்கொண்டிருக்கிறது. படிக்கப் பிடிக்கவில்லை என்று நீ சொல்லியிருந்தால் விட்டிருப்பேன். நீ சொன்னது அது இல்லை. அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன்.

புத்தகத்தை எப்படித் தேடுகிறாய் என்று கேட்டதற்கு, கைபேசி காட்டுவதை வாங்குகிறேன் என்றாய். நீ முன்பு வாங்கியதையும், உன்னைப் போன்றவர்கள் வாங்கியதையும் வைத்துத்தான் அது அடுத்ததைக் காட்டுகிறது. அப்படியானால் நேற்றைய நீயேதான் இன்றைய உனக்குப் புத்தகம் எடுத்துக் கொடுக்கிறாய். சலிக்காமல் என்ன செய்யும்?

நூலகத்தின் தட்டுக்கு உன்னைத் தெரியாது. மெல்வில் டியூயி என்ற அமெரிக்க நூலகர் 1876இல் அறிவு முழுவதையும் பத்து வகுப்பாகப் பிரித்து எண் கொடுத்தார். இன்றும் பல நூலகங்களில் அந்த எண்படிதான் புத்தகம் நிற்கிறது. ஊரெல்லாம் பேசும் புத்தகமும், இருபது வருடமாக யாரும் தொடாத புத்தகமும் ஒரே பொருளைச் சொன்னால் ஒட்டி ஒட்டி நிற்கும். தேடிப் போனதை எடுக்கக் கை நீட்டும்போது கண் பக்கத்தில் போகிறது பார், அந்த ஒரு நொடிக்காகத்தான் நான் இத்தனை வருடமாக நூலகம் போகிறேன்.

நீ பள்ளியில் படிக்கும்போது நம் தொட்டிச் செடிகள் வாடிக்கொண்டே இருந்தன, நினைவிருக்கிறதா? மண்ணைப் பற்றி ஏதாவது படிக்கலாம் என்று போனேன். தேடிய புத்தகம் கிடைத்தது. அதில் என்ன இருந்தது என்று இன்று ஒரு வரிகூட நினைவில்லை. அதன் பக்கத்தில் டார்வின் பெயர் போட்ட புத்தகம் ஒன்று இருந்தது. முழுக்க முழுக்க மண்புழுக்களைப் பற்றியது. பரிணாமம் எழுதிய மனிதர் புழுவைப் பற்றி ஏன் எழுதினார் என்று எடுத்தேன். அன்று இரவு தூங்கவே இல்லை.

புழுவுக்குக் காது கேட்குமா என்று அறிய, வீட்டில் பசூன் என்ற ஊதுகருவியை அதன் அருகே வாசிக்க வைத்திருக்கிறார். பியானோவையும் வாசித்துப் பார்த்தார்கள். புழு அசையவில்லை. அப்புறம் புழு இருந்த தொட்டியைப் பியானோவின் மேலேயே வைத்து ஒரு கட்டையை அழுத்தினால், சட்டென்று வளைக்குள் போய்விட்டது. ஒலி கேட்கவில்லை, அதிர்வு தெரிகிறது! இலையைப் புழு எந்த முனையைப் பிடித்து இழுக்கிறது என்று பார்க்க, காகிதத்தை முக்கோண முக்கோணமாக வெட்டிப் போட்டார். பெரும்பாலும் கூர்முனையைத்தான் பிடித்து இழுத்தன. மண்புழுவைப் பற்றி அவர் முதல் கட்டுரை வாசித்தது 1837இல். புத்தகம் வந்தது 1881இல். அடுத்த ஆண்டு அவர் இறந்துபோனார். நாற்பத்து நான்கு வருடம், கண்ணா! நம் காலடியில் கிடக்கும் ஓர் உயிரை அவர் மனதிலிருந்து இறக்கி வைக்கவே இல்லை.

எனக்கு வித்தியாசமான புத்தகம் என்றால் இதுதான். அட்டையும் தலைப்பும் விசித்திரமாக இருப்பதெல்லாம் அப்புறம். இதை எழுதாமல் இவரால் இருந்திருக்க முடியாது என்று தோன்ற வேண்டும். கயிற்று முடிச்சுகளைப் பற்றி மட்டும் கிளிஃபோர்டு ஆஷ்லி என்பவர் பதினோரு வருடம் உழைத்து ஒரு புத்தகம் போட்டார். 1944இல் வந்தது. கிட்டத்தட்ட 3,800 முடிச்சுகள், எல்லாவற்றுக்கும் படம். எனக்குக் கப்பலும் தெரியாது, கடலும் தெரியாது. ஆனாலும் ஒரு மாதம் அது என் தலைமாட்டில் இருந்தது.

ஒரு புத்தகம் பிடித்துவிட்டால் அதன் பின்பக்கத்தை விடாதே. அடிக்குறிப்பையும் நூற்பட்டியலையும் படி. எழுதியவர் யாரிடம் கற்றார் என்பது அங்கேதான் இருக்கும். டார்வின் புத்தகத்தில் கில்பர்ட் ஒயிட் என்ற பெயர் வருகிறது. தேடிப் போனேன். அவர் ஒரு சின்ன ஊரின் பாதிரியார். தன் ஊரின் பறவை, பூச்சி, மழை எல்லாவற்றையும் நண்பர்களுக்குக் கடிதமாக எழுதியிருக்கிறார். 1789இல் அது புத்தகமானது. பார்க்க ஒன்றுபோலவே இருக்கும் மூன்று சின்னப் பறவைகளை அவற்றின் பாட்டை வைத்தே வேறு வேறு என்று பிரித்துக் காட்டியவர் அவர். மண்புழு இல்லாவிட்டால் நிலம் இறுகி மலடாகிவிடும் என்று 1777இலேயே ஒரு கடிதத்தில் எழுதிவிட்டார். டார்வினுக்கு முன்பே! வாடிய தொட்டிச் செடியில் தொடங்கியவள் பறவைகளிடம் போய்ச் சேர்ந்தேன். அந்த வழியை எனக்கு யாரும் பரிந்துரைத்திருக்க முடியாது.

நூலகவியலுக்கு எஸ்.ஆர். ரங்கநாதன் 1931இல் ஐந்து விதிகள் எழுதினார். மூன்றாவது விதி, ஒவ்வொரு நூலுக்கும் அதன் வாசகர் என்பது. வாசகர்கள் தட்டுகளுக்கு நடுவே தாராளமாக நடமாட வேண்டும் என்று அவர் வாதாடியதும் இதற்காகத்தான். புத்தகமும் நம்மைத் தேடிக்கொண்டு நிற்கிறது என்ற எண்ணம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். பல வருடம் யாரும் எடுக்காத புத்தகங்களைக் கழித்துவிடும் நூலகங்கள் உண்டு. அதனால் நீ எடுத்துப் படிக்கும் ஒவ்வொரு பழைய புத்தகமும் இன்னொருவருக்காகத் தட்டிலேயே தங்கலாம்.

நூலகம் தூரம் என்பாய். சரி, குட்டன்பர்க் திட்டத்தின் இணையதளம் இருக்கிறது. டார்வினின் மண்புழுவும் ஒயிட்டின் கடிதங்களும் அங்கே இலவசம். ஆனால் மாதம் ஒரு முறையாவது நேரில் போ. நீ இதுவரை காலே வைக்காத பகுதியில் போய் நில். பாறை, நெசவு, தச்சு, எதுவானாலும் சரி. தலைப்பைப் பார்த்து முடிவு செய்யாதே. பொருளடக்கத்தைப் பார், கடைசியில் சொல்லடைவைப் பார், அப்புறம் நடுவில் ஒரு பக்கம். அந்தப் பக்கம் உன்னை நிற்க வைத்தால் எடுத்து வா. பிடிக்காவிட்டால் பாதியில் மூடிவிடு, அதில் குற்றம் எதுவும் இல்லை.

பின்னாளில் மின்சார ஆய்வில் பெயர் பெற்ற விஞ்ஞானி மைக்கேல் ஃபாரடே, பதினான்கு வயதில் புத்தகம் கட்டும் தொழிலில் சேர்ந்தவர். யாரோ கட்டக் கொடுத்த கலைக்களஞ்சியத்தில்தான் மின்சாரம் பற்றிய கட்டுரையைப் படித்தார். அது அவர் தேடிப் போனது அல்ல, கைக்கு வந்தது. நீ பெரிய ஆளாக வேண்டும் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. அந்தப் பையன் ஊசியைக் கீழே வைத்துவிட்டு அந்தப் பக்கத்தைப் படித்திருப்பான் இல்லையா, அந்த நிமிடம் உனக்கும் கிடைக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

இப்போது என் கையில் இருப்பது மேகங்களைப் பற்றிய புத்தகம். மருந்து தயாரித்துப் பிழைத்த லூக் ஹோவர்டு என்பவர், கீற்றாக இருப்பது, குவியலாக இருப்பது, படலமாக இருப்பது என்று மேகங்களைப் பிரித்து 1802இல் பெயர் வைத்தார். அதிலிருந்து தினமும் மாலையில் அண்ணாந்து பார்க்கிறேன். இந்தக் கடிதம் வந்ததும் சன்னல் பக்கம் போய்ப் பார். அங்கே எந்த மேகம் என்று எனக்கு எழுது.

அன்புடன்,
அம்மா